இலையைத் திருப்பிப் பாத்தியா?

எங்கள் குவார்ட்டர்ஸில் மாடி வீட்டு ஆன்ட்டியிடம் ஒரு கேள்வி கேட்டு உடனே பதில் வாங்கியவர்கள் யாரும் கிடையாது. முதலில் அவர் கேட்பார். அவர் கேட்டு முடித்த பிறகு நமக்கு நேரம் இருந்தால் பதில் கிடைக்கும்.

"அக்கா, கறிவேப்பிலைச் செடி வாடுது. என்ன பண்ணலாம்?" என்று அம்மா வாசலில் நின்று கேட்பாள். வேலை முடிந்து மாடிக்கு ஏறிக்கொண்டிருப்பவர் கைப்பையைப் படிக்கட்டுச் சுவரின் மேல் வைப்பார். பை சுவரில் உட்கார்ந்ததுமே அடுப்பில் இருப்பது தீயப்போகிறது என்று எனக்குத் தெரிந்துவிடும்.

"எந்த வெயில் படுது? காலை வெயிலா, சாயங்கால வெயிலா?"

"காலை வெயில்தான்."

"தண்ணி எப்ப ஊத்தற?"

"ஞாபகம் வரும்போது."

"தொட்டிக்கு அடியில ஓட்டை இருக்குதா, அடைச்சுக்கிச்சா? வாடறது கொழுந்தா, அடி இலையா? எறும்பு ஏறுதா? இலையைத் திருப்பிப் பாத்தியா?"

"ஒரு செடிக்கு இத்தனை விசாரணையா அக்கா? போலீஸ் ஸ்டேஷன்லகூட இவ்வளவு கேக்க மாட்டாங்க."

"அங்க எதிர்ல நிக்கறவன் வாயைத் தொறந்து பேசுவான். செடி பேசாதில்ல."

எங்கள் வீடு ஹைதராபாத் காஞ்சன்பாக்கில் கீழ்த்தளம், அவர்களுடையது நேர் மேலே. அப்பாவும் அவர் கணவரும் ஒரே ஆய்வகத்தில் வேலை பார்த்தார்கள். அவர் மட்டும் தினமும் இரண்டு பஸ் மாறி நகரத்தின் மறுகோடிக்கு, ஒரு வேளாண் ஆராய்ச்சி நிலையத்துக்குப் போய் வந்தார். பயிர்களுக்கு வரும் பூச்சியும் நோயும் அவருடைய படிப்பு. சொந்த ஊர் கோயம்புத்தூர் பக்கம். ஹைதராபாதில் இருபது வருடம் இருந்தும் அந்தக் 'கண்ணு' அவர் பேச்சை விட்டுப் போகவில்லை. தெலுங்கு பேசும்போதுகூட நடுவில் ஒரு கண்ணு வந்து விழும். நாங்கள் ஆன்ட்டி என்று கூப்பிட்டோம். பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் எதற்கு எழுதினாய், யார் படிப்பார்கள், படித்து என்ன செய்வார்கள் என்று ஆரம்பித்துவிடுவார்.

குவார்ட்டர்ஸ் முழுக்க அவரைத் தெரிந்ததற்குக் காரணம் வேறு. அவர் டிவியில் வந்தார்.

நான் பள்ளியில் படித்த காலத்திலேயே அது பழைய நிகழ்ச்சி. அரசுத் தொலைக்காட்சியில் சாயங்காலச் செய்திக்கு முன்னால் வரும். டப்பு மேளம் அடிக்கும் சத்தம், ஏர் பூட்டிய இரண்டு மாடுகளின் ஓவியம், பின்னால் எழும் சூரியன். இந்த மூன்றும் பல வருடங்களாக மாறவில்லை. தலைப்பாகை கட்டிய ஒருவர் வந்து வணக்கம் சொல்வார். முதல் பாதியில் பயிர் வளர்ப்பது பற்றிப் பேசுவார்கள். மறுபாதி முழுக்கக் கஷ்டங்கள்: மழை வரவில்லை, விதை போலி, கரண்ட் ராத்திரியில்தான் வருகிறது, சந்தைக்குக் கொண்டுபோனால் விலை இல்லை. குவார்ட்டர்ஸில் யாரும் விரும்பி அதைப் பார்த்ததில்லை. செய்திக்காகக் காத்திருப்பவர்கள் பார்த்தார்கள். அப்பாவும் அப்படித்தான்.

மறுபாதியில், விவசாயிகள் அனுப்பிய கடிதங்களுக்கு ஆன்ட்டி பதில் சொல்வார். நிகழ்ச்சியை முன்பே பதிவு செய்துவிடுவதால், அவர் டிவியில் பேசிக்கொண்டிருக்கும்போதே எங்கள் வீட்டுக்குள் உறைமோருக்குக் கிண்ணத்தோடு வந்து நிற்பதும் உண்டு. தன்னைத் தானே பார்ப்பதில் அவருக்கு ஆர்வமே இருக்காது. ஒரே ஒருமுறை மட்டும் நின்று பார்த்தார். மேஜைமேல் இருந்த பூச்சாடியைக் காட்டி, "பயிர் பத்திப் பேசற எடத்துல பிளாஸ்டிக் பூவு. மூணு தடவை எடுத்து வெச்சேன். மூணு தடவையும் திருப்பி வெச்சுட்டான்," என்றார்.

டிவியிலும் அவர் அப்படியேதான். மிளகாய்ச் செடியில் இலை சுருளுது, என்ன மருந்து அடிக்கலாம் என்று ஒருவர் எழுதியிருப்பார். ஆன்ட்டி கேமராவைப் பார்த்து, "இலை மேல் பக்கமா சுருளுதா, கீழ்ப் பக்கமா?" என்று கேட்பார். கேட்டுவிட்டு, பதில் வந்துவிடும் என்பதுபோல ஒரு கணம் நிறுத்துவார். அந்த மனிதர் தன் ஊரிலிருந்து மறுபடி எழுதி, அது டிவி நிலையத்துக்கு வந்து சேர்வதற்குள் மிளகாய் பழுத்துவிடும் என்று அப்பா சிரிப்பார்.

"மேல் பக்கம் சுருண்டா இலைப்பேன். கீழ்ப் பக்கம் சுருண்டா சிலந்திப்பேன். ஒண்ணுக்கு அடிக்கற மருந்து இன்னொண்ணுக்குக் கேக்காது. தெரியாம எப்பிடிங்க சொல்றது?" என்பார் ஆன்ட்டி.

இதனால் எனக்கு ஒரு பரீட்சை கைவிட்டுப் போகப் பார்த்தது. இன்ஜினியரிங் இரண்டாம் வருடம், செமஸ்டர் தேர்வு நாள். அவரும் அந்தப் பக்கம் போகிறார் என்று ஒரே ஆட்டோவில் ஏறினோம். சாதர்காட் அருகே டிரைவர் கண்ணாடியில் அவரையே பார்த்துக்கொண்டு வந்தார்.

"மேடம், ஆப் டிவி வாலே ஹை நா?"

"ஹவ்," என்று, டிவியில் வருவது தான்தான் என ஆன்ட்டி ஒப்புக்கொண்டார்.

டிரைவர் வண்டியை ஓரம் கட்டிவிட்டார். மஹபூப்நகர் பக்கம் அவருடைய அண்ணன் மிளகாய் போட்டிருக்கிறார். இலை சுருளுகிறது. ஆன்ட்டி தன் மொபைலை எடுத்து, அண்ணனுக்குப் போன் போடச் சொன்னார். அண்ணன் வீட்டில் இருந்தார், செடி வயலில் இருந்தது. "போய்ப் பாத்துட்டு வரச் சொல்லுங்க, காத்திருக்கேன்," என்றார். பின்னால் ஒரு பஸ் ஹாரன் அடித்தது.

"ஆன்ட்டி, எக்ஸாம்!"

"இருக்கட்டும் கண்ணு. உன் எக்ஸாம்ல கேள்வி மாறாது. அங்க செடி மாறிக்கிட்டே இருக்கும்."

தேர்வு அறைக்குள் கடைசியாக நுழைந்தது நான்தான். இலை கீழ்ப் பக்கமாகச் சுருண்டிருந்தது என்பது மட்டும் இன்றுவரை ஞாபகம் இருக்கிறது. அந்தத் தேர்வில் என்ன எழுதினேன் என்பது மறந்துவிட்டது.

அவருடைய கணவர் அதிகம் பேசமாட்டார். பேசினால் இதைப் பற்றித்தான் இருக்கும். "பொண்ணு பாக்கப் போயிருந்தப்ப, காபி நல்லாருக்குன்னு ஒரு மரியாதைக்குச் சொன்னேன். நல்லாருக்கறது பாலா, தூளான்னு கேட்டா. அன்னிக்கு ஆரம்பிச்சது," என்பார். ஆன்ட்டி சிரிக்காமல், "அன்னிக்கு அவரு பதிலே சொல்லல. இன்னிக்கு வரைக்கும் சொல்லல," என்பார்.

இந்தச் சிரிப்பெல்லாம் அவர்களுடைய மகளுக்கு வரவில்லை. அந்த அக்கா என்னைவிட ஏழெட்டு வயது பெரியவள், பெங்களூரில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் இருந்தாள். ஞாயிற்றுக்கிழமைகளில் போன் வரும். தலைவலி என்று அவள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். எந்தப் பக்கம், எப்போதிலிருந்து, ராத்திரி எத்தனை மணிக்குப் படுத்தாய், கண்ணாடி மாற்றினாயா, தண்ணீர் குடித்தாயா. ஒருநாள் அந்தப் பக்கத்துக் குரல் எங்களுக்கே கேட்டது. "அம்மா, நான் பருத்திச் செடி இல்லம்மா!"

பிறகு அவள் தலைவலியைப் பற்றிச் சொல்வதை நிறுத்திக்கொண்டாள். மெல்ல மற்றவற்றையும் நிறுத்தினாள். வேலையை விட்டதை எங்கள் அம்மாவுக்குப் போன் செய்து சொன்னாள். "நீங்களே அம்மாகிட்ட சொல்லிடுங்க ஆன்ட்டி. நான் சொன்னா என்னிக்கு, எத்தனை மணிக்குன்னு ஆரம்பிச்சிருவாங்க. எனக்கு இப்ப தெம்பு இல்ல."

அம்மா அதை எப்படிச் சொல்வது என்று ஒரு பகல் முழுக்கத் தவித்து, சாயங்காலம் சொன்னாள். ஆன்ட்டி ஒன்றுமே கேட்கவில்லை. உறைமோர்க் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனார். அவர் எதுவும் கேட்காமல் போய் அன்றுதான் நான் பார்த்தேன். அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமை போனில் பெரும்பாலும் அங்கிள்தான் பேசினார். ஆன்ட்டி பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயம் உரிப்பார்.

படிப்பு முடிந்து எனக்கு முதல் வேலை சனத்நகரில் கிடைத்தது. ஒரு இன்ஜினியரிங் பட்டறையின் மாடியில் இயங்கிய சின்ன சாஃப்ட்வேர் கம்பெனி. கீழே லேத் ஓடினால் மேலே எங்கள் மானிட்டர் நடுங்கும். நான் சேர்ந்த சில மாதங்களில் அந்தப் பழைய விவசாய நிகழ்ச்சியை நேரலையாக மாற்ற முடிவு செய்தார்கள். கிராமங்களுக்கு மொபைல் வர ஆரம்பித்திருந்தது. கடிதத்துக்குப் பதிலாக விவசாயிகள் போனில் கேட்பார்கள், அரங்கில் இருப்பவர் அப்போதே பதில் சொல்வார். வரும் அழைப்புகளை வரிசைப்படுத்திக் காட்டும் மென்பொருள் எங்களிடம் வந்தது. எதையும் வரிசைப்படுத்தினால்தான் எனக்கு நிம்மதி என்பது மேலாளருக்குத் தெரியும். என்னிடம் கொடுத்துவிட்டார்.

திரையில் நான்கு கட்டங்கள் வைத்தேன்: பெயர், ஊர், பயிர், பிரச்சினை. பக்கத்தில், 'டிவி சத்தத்தைக் குறைக்கச் சொல்லியாயிற்றா?' என்று ஒரு சின்னப் பெட்டி. பேசுகிறவரின் வீட்டில் டிவி ஓடினால் அந்தச் சத்தம் போன் வழியாகத் திரும்பி வந்து எதிரொலிக்கும். அதனால் எந்த அழைப்பையும் அரங்குக்கு அனுப்பும் முன் இதைச் சொல்லிவிட வேண்டும். கடைசியாக, தயாரிப்பாளர் கேட்டுக்கொண்டபடி ஒரு கடிகாரம். ஒருவருக்கு ஒன்றரை நிமிடம். தாண்டினால் திரை சிவக்கும்.

வீட்டில் லேப்டாப்பைத் திறந்து ஆன்ட்டியிடம் காட்டினேன். நான்கு கட்டங்களையும் நிதானமாகப் படித்தார்.

"இதுல நான் கேக்கறதுக்கு எடம் எங்க கண்ணு?"

"நீங்க பதில் சொல்லணும் ஆன்ட்டி. கேக்கறது அவங்க."

"ஓ," என்றார்.

அவருக்கு இதில் பெரிய ஆபத்து இருந்தது. தனியார் சேனல்களிலும் விவசாய நிகழ்ச்சிகள் வந்துவிட்டன. அங்கே பதில்கள் பட்டாசுபோல வெடித்தன. மருந்தின் பெயர், அளவு, அடுத்த அழைப்பு. பூச்சிமருந்துக் கம்பெனி ஒன்றிலிருந்து ஒரு இளைஞரைத் தயாரிப்பாளர் ஏற்கனவே பார்த்து வைத்திருந்தார். "ஒரு மாதம் பார்ப்போம் மேடம். ஒன்றரை நிமிடத்துக்குள் முடிக்க வராவிட்டால், எனக்கு வேறு வழி இல்லை," என்று தெளிவாகவே சொல்லிவிட்டார். பல வருடங்களாக உட்கார்ந்த நாற்காலி அது. ஆராய்ச்சி நிலையத்தில் அவர் எழுதும் கட்டுரைகளைப் பத்துப் பேர் படிப்பார்கள். அந்த நாற்காலியில் இருந்துதான் அவரால் வயல்களோடு பேச முடிந்தது.

"விட்டுடுங்க அக்கா, நிம்மதியா இருங்க," என்றாள் அம்மா.

"விட்டா யாரு கேப்பாங்க?"

அதனால் எங்கள் சமையலறையில் பயிற்சி ஆரம்பமானது. அம்மாதான் விவசாயி. குக்கர்தான் கடிகாரம். இரண்டாவது விசிலுக்குள் பதில் வந்துவிட வேண்டும்.

அம்மா கரண்டியைப் போன்போலக் காதில் வைத்துக்கொண்டாள். "மேடம், நான் கரீம்நகர்ல இருந்து பேசறேன். வேர்க்கடலைச் செடி மஞ்சளாயிட்டே வருது. என்ன செய்ய?"

"மஞ்சளாகறது எளசா, முத்தலா?"

"மேடம், நீங்க கேக்கக்கூடாது. சொல்லணும்."

முதல் விசில் வந்தது. ஆன்ட்டி வாயைத் திறந்தார், மூடினார். இரண்டாவது விசிலும் வந்தது. அம்மா கரண்டியை இறக்கினாள்.

"என்னக்கா?"

"நான் மொதல் மொதல் டிவியில உக்காந்தப்ப இதே கேள்விதான் வந்துச்சு," என்றார் ஆன்ட்டி. "இரும்புச்சத்துக் கொறவு, மருந்து தெளியுங்கன்னு அரை நிமிசத்துல சொல்லிப்போட்டேன். எவ்வளவு அழகாச் சொன்னீங்கன்னு எல்லாரும் கை குடுத்தாங்க. அந்தாளு காட்டுல தண்ணி தேங்கி நின்னிருக்குது. வாய்க்கா ஒண்ணு வெட்டி விட்டிருந்தாச் செடி பொழைச்சிருக்கும். நான் சொன்னேன்னு மருந்து வாங்கி அடிச்சிருக்கறாரு. தண்ணி நிக்குதான்னு நான் கேக்கவே இல்லியே."

"உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"அவரே நேர்ல வந்து சொன்னாரு. திட்டல. ஒரு வார்த்தை திட்டல. அதுதான் வெசனம்."

குக்கர் அதுபாட்டுக்கு விசில் அடித்துக்கொண்டிருந்தது. அன்று பருப்பு கஞ்சியாகிவிட்டது. ஆனாலும் பயிற்சி நிற்கவில்லை. எந்தக் கேள்வியை விட்டால் ஆபத்து, எதை விடலாம் என்று அவர் தனக்குள் கழித்துக் கழித்துப் பார்த்தார். மூன்று கேள்விகள், ஒரு பதில் என்ற அளவுக்கு வந்தார். நேரலை ஆரம்பித்த முதல் வாரங்களில் திரை பலமுறை சிவந்தது. பிறகு சிவப்பது குறைந்தது.

மென்பொருள் அவ்வப்போது நின்றுபோகும் என்பதால் என்னையும் டிவி நிலையத்தில் உட்கார வைத்திருந்தார்கள். கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் நானும் தயாரிப்பாளரும். அந்தப் பக்கம் ஆன்ட்டி, தலைப்பாகைக்காரர், பிளாஸ்டிக் பூ.

அந்த மாதத்தின் கடைசி நிகழ்ச்சி. மழை தள்ளிப்போன வருடம். ஆன்ட்டி அன்று பிரமாதமாக இருந்தார். கத்தரிக்காய்க்காரருக்கும் நெல்காரருக்கும் நேரத்துக்குள் பதில் சொன்னார். தயாரிப்பாளர் என் பக்கம் திரும்பிக் கட்டை விரலை உயர்த்தினார். அடுத்த அழைப்பை அனுப்பினேன். ஊர் வாரங்கல் பக்கம், பயிர் பருத்தி, பிரச்சினை மருந்து. பேசியதெல்லாம் தெலுங்கில்தான். என் நினைவில் அது இப்போது தமிழில்தான் ஓடுகிறது.

"மேடம், போன வருஷம் வாங்கின பூச்சிமருந்து வீட்டுல இருக்கு. பழசானாலும் வேலை செய்யுமா?"

எளிமையான கேள்வி. ஆன்ட்டியும் எளிமையாகச் சொன்னார். "பழைய மருந்தை அடிக்காதீங்க. பயிருக்கும் ஆகாது, உங்களுக்கும் ஆகாது."

"சரி மேடம்."

முடிந்தது. கடிகாரத்தில் இன்னும் பாதிக்கு மேல் மிச்சம். தயாரிப்பாளர் அடுத்ததைக் காட்டினார். நான் மவுசில் விரலை வைத்தேன்.

"இருங்க. செடியில என்ன பூச்சி?" என்றார் ஆன்ட்டி.

"பூச்சி எதுவும் இல்ல மேடம்."

"பூச்சி இல்லாம மருந்து எதுக்கு?"

தலைப்பாகைக்காரர் புன்னகையோடு அடுத்த அழைப்பு என்று சொல்ல வாயெடுத்தார். ஆன்ட்டி அவர் கையைப் பிடித்து அமர்த்தினார்.

"செடி எவ்வளவு உயரம் இருக்கு?"

"அது வந்து மேடம்..."

"செடி இருக்குதா கண்ணு?"

"லேது மேடம்," என்றது குரல். "ரெண்டு தடவை விதைச்சேன். ரெண்டும் கருகிடுச்சு."

கட்டுப்பாட்டு அறையில் யாரும் நகரவில்லை. நேரலையில் ஒரு மனிதரின் வீடு திறந்து கிடந்தது. தயாரிப்பாளர்தான் முதலில் அசைந்தார். துண்டிக்கச் சொல்வார் என்று நினைத்தேன். அவர் என் தோளுக்கு மேல் குனிந்து, "ஆன் ஏர் நக்கோ, ஒளிபரப்புல வேணாம். போன் இருக்கட்டும். பாட்டு போடுங்க," என்றார். அழைப்பை ஒளிபரப்பிலிருந்து எடுத்து, அரங்கில் மட்டும் கேட்கும்படி மாற்றினேன். திரையில் மாடுகளின் ஓவியம் வந்தது, ஒரு நாற்று நடவுப் பாட்டு ஓட ஆரம்பித்தது. திரை சிவந்தது. ஆன்ட்டியின் முன்னால் இருந்த மானிட்டரிலும் சிவந்திருக்கும். அவர் அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை.

"டப்பா இப்ப எங்க இருக்கு?"

"கையில."

"நீங்க எங்க நிக்கறீங்க?"

"வெளியில. மாட்டுக்கொட்டாய்கிட்ட."

"போன் யாரோடது?"

"பக்கத்து வீட்டுக்காரரோடது."

அப்போது எதிரொலி வந்தது. நாங்கள் போட்ட நடவுப் பாட்டு அவருடைய போன் வழியாக, மெலிந்த குரலில், ஒரு கணம் பிந்தித் திரும்பி வந்தது. வேறு எந்த நாளாக இருந்தாலும் நாங்கள் எல்லோரும் ஒரே குரலில் டிவி சத்தத்தைக் குறையுங்கள் என்று கத்தியிருப்போம். ஆன்ட்டி தலையைச் சாய்த்துக் கேட்டார்.

"உங்க வீட்டுல டிவி ஓடுதே. யாரு பாக்கறாங்க?"

"வீட்டுக்காரி."

"என்ன சொல்லிட்டு வெளிய வந்தீங்க?"

"மேடம்கிட்ட பேசிட்டு வர்றேன்னு."

"அப்ப என்னைத்தான் பாத்துக்கிட்டு இருக்காங்க. திடீர்னு பாட்டுப் போட்டுட்டாங்களே, ஏன்னு அவங்களுக்குத் தெரியாதில்ல? ஒரு வார்த்தை சொல்லணும். கூப்பிடறீங்களா?"

பாட்டு மட்டும் இரண்டு முறை கேட்டது, இங்கிருந்து ஒரு முறை, அங்கிருந்து ஒரு முறை.

"கூப்பிட மாட்டீங்களா? சரி. எருமை எத்தனை?"

"ஒண்ணு."

"கன்னு போட்டிருக்கா?"

"போட்டிருக்கு."

"கடாக்கன்னா, கிடாரியா?"

"கிடாரி."

"பால் குடிச்சுதா இன்னிக்கு?"

"தெரியல மேடம். நான் பாக்கல."

"யாரு பாப்பாங்க?"

"அவதான்."

"அவங்களைக் கேட்டுச் சொல்லுங்க. எனக்குத் தெரியணும். நான் இங்கயே இருக்கேன்."

அவர் உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பினார். அது குரலில் இருந்தது. நடிக்கத் தெரியாத குரல். சற்று நேரம் கழித்து அந்த மனிதர் தன் மனைவியைக் கூப்பிட்டார். முதலில் மெதுவாக, பிறகு பலமாக. செருப்புச் சத்தம், ஒரு பெண்ணின் "ஏமைந்தி, என்னாச்சு?", டப்பா மண்ணில் விழும் சத்தம், அழுகை. ஆன்ட்டி அந்தப் பெண்ணோடும் பேசினார், பிறகு ஓடிவந்த பக்கத்து வீட்டுக்காரரோடும் பேசினார். இன்று ராத்திரி யார் கூட இருப்பார்கள், டப்பாவை யார் எடுத்துப் போவார்கள், பக்கத்தில் டாக்டர் எங்கே, காலையில் யார் கூட்டிக்கொண்டு போவார்கள். ஒவ்வொன்றுக்கும் பதில் வந்த பிறகே அடுத்ததற்குப் போனார். இதற்குள் நிகழ்ச்சி முடிந்து செய்தி ஓடிக்கொண்டிருந்தது.

கன்றுக்குட்டி பால் குடித்திருந்தது. அதையும் கேட்டுக்கொண்டுதான் போனை விட்டார்.

அதற்குப் பிறகு நடந்தவை மூன்று. மிச்ச நேரமெல்லாம் பாட்டு ஓடியதற்கு மேலிடத்திலிருந்து விளக்கம் கேட்டார்கள். தயாரிப்பாளர் தொழில்நுட்பக் கோளாறு என்று எழுதி, என்னிடம் மன்னிப்புக் கேட்டார். அது என் மென்பொருளின்மேல் விழும் பழி. விழட்டும் என்றேன். அடுத்த மாதம் பூச்சிமருந்துக் கம்பெனி இளைஞர் நாற்காலிக்கு வந்தார். தயாரிப்பாளரால் அதைத் தடுக்க முடியவில்லை, முடிவு மேலே போய்விட்டிருந்தது. ஆன்ட்டிக்கு வாரம் ஒருமுறை பதிவு செய்யப்பட்ட ஐந்து நிமிடம் கிடைத்தது. கொஞ்ச நாளில் அதுவும் நின்றது. அவருக்கு அதில் வருத்தம் இருந்தது. இல்லை என்று அவர் சொல்லவில்லை.

மூன்றாவது விஷயத்தை, போன் கொடுத்த அந்தப் பக்கத்து வீட்டுக்காரரே ஒருநாள் போனில் சிரித்துக்கொண்டு என்னிடம் சொன்னார். "வாரா வாரம் மேடம் போன் பண்றாங்க. அவன் எப்படி இருக்கான், எருமை எவ்வளவு கறக்குது, கன்னு வளர்ந்துச்சா. ஒவ்வொரு தடவையும் நான் ஓடணும். பேசாம எருமைக்கே ஒரு போன் வாங்கிக் குடுத்துடலாம்." அடுத்த பருவத்தில் அவர்கள் துவரை போட்டார்கள். மழை சுமாராகப் பெய்தது.

ஆனால் நான் அவரை நினைக்கும்போது வருவது இது எதுவும் இல்லை. அன்று இரவு வீடு திரும்பிய பஸ்தான் வருகிறது.

தில்சுக்நகரில் பஸ் மாறி ஏறினோம். கூட்டம் அதிகம் இல்லை. ஜன்னல் ஓரம் உட்கார்ந்தவர் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டார். எனக்குக் கேட்க நிறைய இருந்தது. ஒன்றை மட்டும் கேட்டேன்.

"ஆன்ட்டி, அந்த ஆளு விஷயம் எப்படித் தெரிஞ்சுது உங்களுக்கு?"

எப்போது தெரிந்தது என்கிறாய், எந்த விஷயம் என்கிறாய் என்று திருப்பிக் கேட்பார் என எதிர்பார்த்தேன். "தெரியல கண்ணு. பழக்கத்துல கேட்டேன்," என்றார்.

சந்தோஷ்நகர் தாண்டும்போது மொபைலை எடுத்தார். பெங்களூருக்குப் போட்டார். அன்று ஞாயிற்றுக்கிழமை இல்லை. பஸ் சிக்னலில் நின்றுகொண்டிருந்ததால் இரண்டு பக்கமும் எனக்குக் கேட்டது.

"என்னம்மா?"

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லாம எதுக்குக் கூப்பிட்ட?"

"சும்மாதான். நீ எதாச்சும் பேசு. நான் ஒண்ணும் கேக்கல."

அந்தப் பக்கம் குரல் மாறியது.

"ஏம்மா? என்னாச்சு? எங்க இருக்க நீ? பஸ்ஸா? இந்நேரத்துக்கு ஏன் பஸ்ல இருக்க? பக்கத்துல யாரு? குரல் ஏன் ஒரு மாதிரி இருக்கு? மதியம் சாப்பிட்டியா? என்ன சாப்பிட்ட? மாத்திரை போட்டியா? அப்பாகிட்ட சொன்னியா?"

பஸ் கிளம்பியது. ஆன்ட்டி போனை இரண்டு கைகளாலும் பிடித்துக் காதோடு சேர்த்துக்கொண்டார். அவர் சிரிக்கிறாரா அழுகிறாரா என்று ஜன்னல் கண்ணாடியில் சரியாகத் தெரியவில்லை.

"இரு கண்ணு, ஒவ்வொண்ணா சொல்றேன்," என்றார்.

எங்கள் நிறுத்தம் வரும்வரை, ஒன்றையும் விடாமல், கேட்ட வரிசையிலேயே பதில் சொல்லிக்கொண்டு வந்தார்.